நானாவதி வழக்கு: 302-ஆ, 304-ஆ, வெறும் விபத்தா? தீர்ப்பைப் படித்தவர்கள் பேசுவோம்

பாளையங்கோட்டையான்:

நானாவதி வழக்கு என்றதும் எல்லோரும் ஒரே கதையைத்தான் சொல்கிறார்கள். மனைவியின் காதலனைக் கடற்படை அதிகாரி சுட்டார், ஜூரி (பொதுமக்களிலிருந்து எடுத்த ஒன்பது பேர் குழு) விடுதலை செய்தது, அத்தோடு ஜூரி முறைக்கே மூடுவிழா நடந்தது. 1961 நவம்பர் 24-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் கொடுத்த தீர்ப்பை முழுக்க உட்கார்ந்து படித்தேன். அதில் இருப்பது இந்தக் கதையைவிடப் பல மடங்கு சிக்கலானது.

தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். 1959 ஏப்ரல் 27, பம்பாய். ஐ.என்.எஸ். மைசூர் கப்பலில் கேப்டனுக்கு அடுத்த நிலையில் இருந்தவர் கமாண்டர் நானாவதி. பிரேம் அகூஜா என்ற வியாபாரியோடு தனக்கு உறவு இருப்பதை மனைவி சில்வியா அன்று அவரிடம் ஒப்புக்கொள்கிறார். மதியம் ஒன்றரை மணிக்கு மனைவியையும் பிள்ளைகளையும் காரில் ஏற்றிக்கொண்டு கிளம்புகிறார். அவர்களைச் சினிமா தியேட்டரில் இறக்கிவிடுகிறார், ஆறு மணிக்குப் படம் விட்டதும் வந்து கூட்டிப்போவதாகச் சொல்கிறார். நேரே கப்பலுக்குப் போய், இரவில் தனியாக அகமதுநகர் வரை கார் ஓட்டவேண்டும் என்று பொய் சொல்லி ஒரு ரிவால்வரும் ஆறு தோட்டாவும் வாங்குகிறார். அதைப் பழுப்புக் கவருக்குள் போட்டுக்கொண்டு அகூஜாவின் அலுவலகம் போகிறார். ஆள் அங்கே இல்லை. வீட்டுக்குப் போகிறார். மணி 4.20. படுக்கையறையில் மூன்று குண்டுகள். அகூஜா செத்துக் கிடக்கிறார், இடுப்பில் குளித்துவிட்டுக் கட்டிய துண்டோடு.

அறைக்குள் இருந்தது இரண்டே பேர். ஒருவர் போய்விட்டார், இன்னொருவர் எதிரி, அதாவது குற்றம் சாட்டப்பட்டவர். "கவரை மேஜைமேல் வைத்தேன், அவன் எட்டிப் பிடிக்க வந்தான், கைகலப்பில் வெடித்துவிட்டது" என்கிறார் அவர். இதை நம்புவதா வேண்டாமா என்பதுதான் வழக்கே.

என்னைக் கேட்டால் ஜூரி செய்தது தப்பு. எட்டுக்கு ஒன்று என்று, 302-லும் (கொலை) குற்றவாளி இல்லை, 304-லும் (கொலையாகாத மரணம் விளைவித்தல்) குற்றவாளி இல்லை என்று சொன்னார்கள். அது சந்தேகத்தின் பலன் இல்லை. அனுதாபத்தை எடுத்துச் சந்தேகம் என்று பேர் வைத்துவிட்டார்கள்.

---

கடலோரம்:

சார், ஒரு சின்ன மாற்றுக் கருத்து. அந்தக் காலத்தில் அந்த ஊரில் அந்தக் கூண்டில் நின்ற மனிதரை நேரில் பார்த்தவர்கள் அந்த ஒன்பது பேர். நாம் அறுபது வருஷம் கழித்துக் காகிதத்தில் பார்க்கிறோம். சுட்டதும் ஓடவில்லை, ஒளியவில்லை. கீழே காவலாளி மறித்தபோதுகூட நடந்ததைச் சொல்லிவிட்டுத்தான் போயிருக்கிறார். பிறகு தானே போய்ச் சரணடைந்தார். திட்டம் போட்டுக் கொல்பவன் இப்படி நடந்துகொள்வானா?

---

கருப்புக்கோட்டு:

நடந்துகொள்வான், தம்பி. சரணடைவது மானத்துக்காக. கொலை செய்யவில்லை என்பதற்கு அது சாட்சியம் ஆகாது. நான் மாவட்ட நீதிமன்றத்தில் கிரிமினல் பக்கம் நிற்பவன். அரிவாளோடு நேரே ஸ்டேஷனுக்கு வந்து நின்றவர்களுக்காகவும் வாதாடியிருக்கிறேன்.

நீங்கள் சொன்ன காவலாளி விஷயமே எதிரிக்கு எதிராகத்தான் திரும்புகிறது. மறித்த காவலாளியிடம் அவர் என்ன சொன்னார்? தன் மனைவியோடு அகூஜாவுக்குத் தொடர்பு இருந்தது, அதனால் கொன்றுவிட்டேன் என்றார். கைகலப்பில் வெடித்துவிட்டது என்று அப்போது ஒரு வார்த்தை வரவில்லை. தற்செயலாக ஒரு உயிர் போயிருந்தால் முதலில் வாயில் வருவது "ஐயோ, தெரியாமல் நடந்துவிட்டது" என்பதுதான். காரணம் சொல்லி "அதனால் கொன்றேன்" என்பவன் விபத்தைச் சொல்லவில்லை. உயர் நீதிமன்றம் இதை இறுக்கமாகப் பிடித்துக்கொண்டது. செஷன்ஸ் நீதிபதி ஜூரிக்கு வழக்கை விளக்கியபோது இதற்கு உரிய அழுத்தம் கொடுக்கவில்லை என்பது அங்கே கண்டுபிடிக்கப்பட்ட குறைகளில் ஒன்று.

---

சட்டம் மூன்றாமாண்டு:

கருப்புக்கோட்டு சார், ஒரு சந்தேகம். குற்றத்தை நிரூபிக்கும் பொறுப்பு அரசுத் தரப்புக்குத்தானே? விபத்து இல்லை என்று அவர்கள்தானே நிரூபிக்க வேண்டும்? வகுப்பில் சாட்சியச் சட்டம் 105 என்று சொல்லிவிட்டுத் தாண்டிப் போய்விட்டார்கள்.

---

கருப்புக்கோட்டு:

இந்தத் தீர்ப்பிலேயே உருப்படியான பகுதி அதுதான், கொஞ்சம் நிதானமாகச் சொல்கிறேன்.

கொன்றார், கொல்லும் நோக்கத்தோடு கொன்றார் என்று காட்டும் பொறுப்பு எப்போதும் அரசுத் தரப்புக்கு. அது கடைசி வரை இடம் மாறாது. ஆனால் "விபத்து" என்றோ "ஆத்திரமூட்டல்" என்றோ ஒரு விதிவிலக்குக்குள் நுழைய எதிரி கேட்டால், அந்தச் சூழ்நிலை இருந்தது என்று காட்டவேண்டியது எதிரி. 105 சொல்வது இது. அதுவரைக்கும் சூழ்நிலை இல்லை என்றே நீதிமன்றம் வைத்துக்கொள்ளும். ஐபிசி (இந்திய தண்டனைச் சட்டம்) 80 விபத்து, எது கொலை என்று சொல்லும் 300-இன் முதல் விதிவிலக்கு ஆத்திரமூட்டல், இரண்டுக்குமே இதுதான்.

இதோடு நின்றுவிட்டால் எதிரி பாடு திண்டாட்டம். தீர்ப்பை எழுதிய நீதிபதி சுப்பா ராவ் இன்னொரு வாசலையும் திறந்து வைத்தார். எதிரி கொண்டுவந்த சாட்சியம் விபத்தை முழுசாக நிரூபிக்கப் போதாமல் போகலாம். அதே சாட்சியம், கொல்லும் நோக்கம் இருந்ததா என்பதிலேயே ஒரு நியாயமான சந்தேகத்தைக் கிளப்பினால் எதிரிக்கு விடுதலை கிடைக்கும். விதிவிலக்கை நிரூபிக்கத் தோற்றாலும், அரசுத் தரப்பின் கட்டடத்தில் விரிசல் காட்ட முடிந்தால் போதும். இன்றைக்கும் தினமும் கோர்ட்டில் இதை வைத்துத்தான் வாதாடுகிறோம்.

நானாவதிக்கு அந்த விரிசல்கூடக் கிடைக்கவில்லை என்பதுதான் தீர்ப்பு. ஜூரிக்கு இந்த 105 விவகாரத்தைச் செஷன்ஸ் நீதிபதி சொல்லவே இல்லை. அது பெரிய ஓட்டை. சொல்லாமல் விட்டால் ஒன்பது பேரும் என்ன செய்வார்கள்? அறைக்குள் என்ன நடந்தது என்று யாருக்கும் தெரியாது, ஆகவே விடு என்பார்கள். சொல்லப்போனால் அவர்களை முழுசாகக் குறை சொல்ல எனக்கு மனசு வரவில்லை.

---

கப்பற்காரன்:

துண்டைப் பற்றி யாரும் பேசவில்லையே. எனக்கு இந்த வழக்கில் எல்லாவற்றையும்விடப் பெரிய சாட்சி அதுதான்.

கைகலப்பு என்றால் என்ன? இரண்டு ஆம்பிளைகள் ஒரு துப்பாக்கிக்காகக் கட்டிப் புரள்வது. ஒருவர் கடற்படை அதிகாரி. இன்னொருவர் உயிருக்குப் பயந்து போராடுகிறவர். இடுப்பில் சும்மா செருகிய துண்டு. மார்பில் ஒரு குண்டு, கையில் ஒன்று, தலையில் ஒன்று பாய்ந்து கீழே விழுகிறார். துண்டு அவிழவில்லை. உடம்பில் அப்படியே இருந்தது என்று தீர்ப்பிலேயே இருக்கிறது. நாம் குளித்துவிட்டு வந்து சட்டையை எடுக்கக் கையைத் தூக்கினாலே அவிழ்கிற சமாச்சாரம்.

ரிவால்வர் விஷயமும் சொல்கிறேன். ரிவால்வர் தானாக வரிசையாகச் சுடாது. ஒவ்வொரு குண்டுக்கும் விசையை இழுத்தாக வேண்டும். ஒன்று தற்செயல் என்றால் ஒப்புக்கொள்ளலாம். மூன்றும் தற்செயல், மூன்றும் அவர் உடம்பில், இவர் உடம்பில் ஒன்றும் இல்லை என்பதை ஆயுதம் கையாண்ட யாரும் ஏற்கமாட்டார்கள்.

---

அமராவதிக்கரை:

ஆறு தோட்டா வாங்கி மூன்றுதான் சுட்டார், கொல்ல நினைத்தவர் ஆறையும் காலி செய்திருப்பார் என்று வேறொரு இடத்தில் ஒருவர் வாதாடியதைப் பார்த்தேன். மூன்றிலேயே ஆள் செத்துவிட்டால் மீதி எதற்கு? இதெல்லாம் ஒரு வாதமா?

---

பாளையங்கோட்டையான்:

துண்டு விஷயத்தில் கப்பற்காரன் சொன்னதில் எனக்கு முழு உடன்பாடு. விபத்து என்ற கதை நிற்காது. நான் பேச விரும்புவது அடுத்த கட்டம். விபத்து இல்லை என்று ஆனபிறகு, அது 302-ஆ அல்லது ஆத்திரத்தில் நடந்த 304-ஆ? உச்ச நீதிமன்றத்தில் அவருக்காக ஆஜரான ஜி.எஸ். பாடக், பிற்பாடு துணைக் குடியரசுத் தலைவர் ஆனவர், இதையும் மாற்று வாதமாக வைத்தார்.

இங்கேதான் எனக்குத் தூக்கம் போனது. அந்தத் தீர்ப்பில் நம் சென்னை உயர்நீதிமன்றத்தின் பழைய வழக்கு ஒன்றை எடுத்துப் பேசுகிறார்கள். 1881, போயா முனிகாடு வழக்கு. தன் மனைவி தன் பகையாளியோடு இருப்பதை ஒருவன் கண்ணால் பார்த்துவிடுகிறான். அன்று இரவு சாப்பிடவில்லை. மறுநாள் காலை கூலி வாங்கப் போகிறான். போன இடத்தில் அந்த ஆளோடு சேர்ந்து மனைவி உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருக்கிறாள். அரிவாளை எடுத்து ஆளை வெட்டிவிடுகிறான். கடுமையான, திடீர் ஆத்திரமூட்டல்தான் என்று சென்னை நீதிபதிகள் ஏற்றார்கள். முதல் விதிவிலக்கு கிடைத்தது.

ஒரு ராத்திரி முழுக்கப் பசியோடு கிடந்தவனுக்கு விதிவிலக்கு உண்டு. மூன்று மணி நேரம் கழித்துச் சுட்டவருக்கு இல்லை. முதல் தடவை படித்தபோது எனக்கு இது ஒட்டவே இல்லை.

---

கருப்புக்கோட்டு:

ஒட்டும், சார். நேரத்தை மட்டும் பார்த்தால் ஒட்டாது. அந்த நேரத்தில் மனசு என்ன வேலை செய்தது என்று பாருங்கள்.

முனிகாடு ராத்திரி முழுக்க எதையும் ஏற்பாடு செய்யவில்லை. காலையில் கூலிக்குப் போனான், கொலைக்குப் போகவில்லை. அந்தச் சாப்பாட்டைப் பார்த்தது புது அடி. இனி ஒளிவுமறைவே கிடையாது, உன்னை மனுஷனாகவே மதிக்கவில்லை என்று முகத்துக்கு நேரே சொன்ன மாதிரி. முந்தின நாள் பார்த்ததும் இன்று பார்த்ததும் ஒன்றாகச் சேர்ந்து வெடித்தது.

நானாவதி தரப்பில் என்ன? பிள்ளைகளைத் தியேட்டரில் விட்டார். ஆறு மணிக்கு வருகிறேன் என்றார். கப்பலில் நம்பும்படியாக ஒரு பொய் சொன்னார். அலுவலகத்தில் தேடினார், இல்லை என்றதும் வீட்டுக்குப் போனார். ஒவ்வொன்றும் தலை தெளிவாக இருக்கும் ஆள் செய்வது. தன்னைச் சுட்டுக்கொள்ளத்தான் ரிவால்வர் வாங்கினேன் என்றும் சொன்னார். சாகப் போகிறவர் ஆறு மணிக்கு யாரைக் கூட்டிவர வாக்குக் கொடுத்தார்? அவர் சொல்வதையே எடுத்துக்கொண்டாலும், மனைவியின் எதிர்காலம் என்ன, பிள்ளைகளின் எதிர்காலம் என்ன என்று யோசித்துக்கொண்டிருந்த மனிதர் அவர், நிதானம் திரும்பிவிட்டது என்றுதான் நீதிமன்றம் சொன்னது.

சரி, கடைசி நிமிஷத்தில் அகூஜா சொன்ன பதில் புது அடி ஆகாதா? "அவளைக் கல்யாணம் பண்ணிப் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்வாயா" என்று கேட்டதற்கு, "படுத்தவளை எல்லாம் கட்டிக்க முடியுமா" என்ற பொருளில் பதில் வந்ததாக நானாவதி சொன்னார். ஆனால் அதற்கு முன்னால் இவர்தான் உள்ளே போனதும் அவனைத் திட்டியிருக்கிறார். தான் திட்டி வாங்கிக்கட்டிக்கொண்ட வசவைத் தன்னை ஆத்திரமூட்டியது என்று சொல்ல முடியாது என்று அதையும் ஒதுக்கிவிட்டார்கள். எனக்கும் அது சரி என்றே படுகிறது.

---

சட்டம் மூன்றாமாண்டு:

அருமையான விளக்கம், நன்றி சார். "எதிரி எந்தச் சமூக வகுப்பைச் சேர்ந்தவரோ, அதே வகுப்பைச் சேர்ந்த ஒரு சராசரி மனிதன் அந்த நிலைமையில் நிதானம் இழப்பானா" என்று ஒரு அளவுகோல் அதே தீர்ப்பில் வருகிறதே. கூலிக்காரனுக்கு ஒரு அளவு, அதிகாரிக்கு ஒரு அளவா?

---

கருப்புக்கோட்டு:

அப்படி எழுதியிருக்கிறார்கள்தான். ஒவ்வொரு சமூகத்துக்கும் வழக்கம், மரியாதை எல்லாம் வேறு, அதனால் எல்லோருக்கும் ஒரே அளவுகோல் வைக்க முடியாது என்ற எண்ணத்தில். இந்த வழக்கில் முடிவைத் தீர்மானித்தது அது இல்லை, நேரம்தான். கீழ்க்கோர்ட்டுகளில் அந்த வரி நல்லதற்கும் பயன்பட்டிருக்கிறது, கெட்டதற்கும் பயன்பட்டிருக்கிறது.

---

கடலோரம்:

எல்லாம் சரி, ஆனால் கடைசியில் அவர் விடுதலை ஆனாரே? அதை வைத்துப் பார்த்தால் ஜூரி சொன்னதுதானே ஜெயித்தது?

---

பாளையங்கோட்டையான்:

விடுதலை இல்லை, மன்னிப்பு. இரண்டும் வேறு.

செஷன்ஸ் நீதிபதி மேத்தா ஜூரி முடிவை ஏற்காமல், அன்றிருந்த 1898 குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 307-ஆவது பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்துக்கு அனுப்பினார். நியாய புத்தியுள்ள யாரும் இந்த முடிவுக்கு வரமுடியாது என்று தோன்றினால் அப்படி அனுப்பலாம். 1960 மார்ச் 11-இல் உயர் நீதிமன்றம் ஆயுள் தண்டனை கொடுத்தது. அன்றைக்கே பம்பாய் ஆளுநர் ஸ்ரீ பிரகாசா (இதற்கு முன் நம் சென்னை மாநில ஆளுநராக இருந்தவர்) தண்டனையை நிறுத்திவைத்துக் கடற்படைக் காவலிலேயே இருக்க உத்தரவு போட்டார். வழக்கு தன் முன்னால் இருக்கும்போது ஆளுநர் இப்படிச் செய்யமுடியாது என்று உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வு அதே வருஷம் செப்டம்பரில் சொல்லிவிட்டது. 1961-இல் தண்டனை உறுதியானது. 1964-இல் ஆளுநர் விஜயலட்சுமி பண்டிட் மன்னிப்பு வழங்கினார். பிறகு குடும்பத்தோடு கனடா போய், 2003-இல் அங்கே இறந்தார்.

ஜூரி முறை இவரால் ஒழிந்தது என்பதும் சரியில்லை. ஒழித்துவிடலாம் என்று சட்ட ஆணையம் தன் 14-ஆவது அறிக்கையில் 1958-லேயே சொல்லியாயிற்று, அகூஜா உயிரோடு இருந்தபோதே. சில மாநிலங்களில் 1973 சட்டம் வரும்வரை ஜூரி இருந்தது.

---

அமராவதிக்கரை:

இத்தனை நேரம் படித்துக்கொண்டிருந்தேன். எனக்குச் சொல்ல ஒன்று இருக்கிறது.

நீங்கள் எல்லோரும் பேசுவது ஒரு ஆணின் ஆத்திரத்தைப் பற்றி. 1881-இல் முனிகாடு, 1959-இல் நானாவதி. பார்த்தான், கொதித்தான், வெட்டினான் அல்லது சுட்டான். "திடீர்" என்ற வார்த்தை அப்படிப்பட்ட கோபத்துக்கு அளவெடுத்துத் தைத்த சட்டை. கையில் பலம் இருக்கிறவனுக்குத்தான் கோபம் வந்த அந்த நொடியிலேயே அதைக் காட்ட முடியும். வருஷக்கணக்கில் அடி வாங்கும் ஒரு பெண்ணுக்கு அந்த நொடியில் திருப்பி அடிக்க முடியாது. அவளுக்குக் கோபம் உள்ளேயே கிடந்து ஊறும். அவன் தூங்கும்போதோ, அவள் உடைந்துபோகும் ஒரு நாளிலோதான் வெளியே வரும். அப்போது சட்டம் என்ன கேட்கும்? "திடீரென்று நடந்ததா? இல்லையே, நேற்றிலிருந்து யோசித்திருக்கிறாயே" என்று கேட்கும்.

இதைச் சென்னை உயர்நீதிமன்றம் 1989-இல் ஒரு வழக்கில் நேருக்கு நேர் சந்தித்தது. குழந்தைகளோடு கிணற்றில் குதித்த ஒரு தாய். குழந்தைகள் போய்விட்டார்கள், அவள் பிழைத்துவிட்டாள். அவள்மேல் 302. நீதிபதிகள் நம் நல்லதங்காள் கதையை நினைத்துப் பார்த்து, அந்தப் பேரையே அந்த மனநிலைக்கு வைத்தார்கள். தொடர்ந்து நடந்த கொடுமையும் ஆத்திரமூட்டல்தான், சட்டத்தில் எழுதியிருக்கும் விதிவிலக்குகள் எடுத்துக்காட்டுகளே, அவற்றோடு கதவு மூடிவிடவில்லை என்று சொன்னார்கள். வில்லுப்பாட்டில் கேட்டு அழுத கதை, தீர்ப்புக்குள் வந்து ஒருத்திக்குக் கை கொடுத்தது.

நானாவதியின் மூன்று மணி நேரத்தைப் பற்றி நாடே இவ்வளவு பேசியது. 25 பைசா பத்திரிகை இரண்டு ரூபாய்க்கு விற்றது என்பார்கள். இந்தத் தாயைப் பற்றி யார் பேசினார்கள்? இங்கே எத்தனை பேருக்குத் தெரியும்?

---

கப்பற்காரன்:

எனக்குத் தெரியாது, அக்கா. எழுதியதற்கு நன்றி.

---

கருப்புக்கோட்டு:

அமராவதிக்கரை சொன்னது நூற்றுக்கு நூறு. "தொடர் ஆத்திரமூட்டல்" என்று நாங்கள் கோர்ட்டில் எடுத்துவைக்கும்போது அடிப்படையே அந்தத் தீர்ப்புதான். ஆனால் அதற்கு வழி திறந்தது நானாவதி தீர்ப்பில் இருக்கும் ஒரு வரி. இறந்தவர் முன்பு செய்தவை எதிரியின் மனசில் ஏற்படுத்திய பின்னணியையும் கணக்கில் எடுக்கலாம் என்று சுப்பா ராவ் எழுதினார். அந்தக் கடற்படை அதிகாரிக்கு அந்த வரியால் ஒரு பலனும் இல்லை. பிற்பாடு வந்தவர்களுக்கு இருந்தது.

ஒரு எச்சரிக்கையும் சொல்லவேண்டும். இதே வாதத்தை "மனைவிமேல் பல மாதமாகச் சந்தேகம், மனசு புழுங்கிக்கொண்டிருந்தான்" என்று மனைவியைக் கொன்றவனுக்காகவும் கொண்டுவருகிறார்கள். கதவைத் திறந்தால் இரண்டு பேரும்தான் வருவார்கள். யாருக்கு யார்மேல் பலம் இருந்தது என்று நீதிபதி ஒவ்வொரு வழக்கிலும் பார்த்தாக வேண்டும்.

---

சட்டம் மூன்றாமாண்டு:

இங்கிலாந்தில் இதற்கு ஒரு வழி செய்திருக்கிறார்கள். 2009 சட்டத்தில் பழைய ஆத்திரமூட்டல் வாதத்தையே எடுத்துவிட்டு, "கட்டுப்பாடு இழத்தல்" என்று புதிதாக வைத்தார்கள். அந்த இழப்பு திடீரென்று இருக்கவேண்டியதில்லை என்று சட்டத்திலேயே இருக்கிறது. துணை வேறொருவரோடு உறவு வைத்ததை மட்டும் காரணமாகக் காட்டமுடியாது என்றும் இருக்கிறது. அந்தச் சட்டம் இங்கே இருந்திருந்தால் நானாவதியின் வழக்கறிஞர் ஆத்திரமூட்டல் வாதத்தைத் தொட்டிருக்கவே முடியாது.

---

அமராவதிக்கரை:

அதுதான் வேண்டும், தம்பி. இரண்டும் சேர்ந்தே வேண்டும். மனைவி கணவனின் சொத்து என்ற நினைப்பு, அடுத்தவன் மனைவியோடு உறவு வைப்பதைக் குற்றமாக்கிய ஐபிசி 497-ஆவது பிரிவில் 2018 வரை உட்கார்ந்திருந்தது. கணவன் மட்டும் புகார் கொடுக்கலாம், அதுவும் இன்னொரு ஆண்மேல். உச்ச நீதிமன்றம் அதைத் தூக்கிப்போட்டது. கொலை வழக்கின் விதிவிலக்குக்குள் மட்டும் அந்த நினைப்பு இன்னும் குடியிருக்கிறது.

---

கருப்புக்கோட்டு:

குடியிருக்கத்தான் செய்கிறது. ஐபிசிக்குப் பதிலாக 2024 ஜூலை 1 முதல் நடப்பில் இருக்கும் பாரதிய நியாய சன்ஹிதாவை எடுத்துப் பாருங்கள். 300 போய் 101 வந்தது. 302 போய் 103. 304 போய் 105. சாட்சியச் சட்டத்தின் 105, புதுச் சட்டத்தில் 108. எண்களை மனப்பாடம் செய்யவே எங்களுக்கு மாசக்கணக்கில் ஆனது. முதல் விதிவிலக்கைத் திறந்தால் 1860-இல் எழுதிய அதே "கடுமையான, திடீர்" அப்படியே இருக்கிறது. மாற்றியமைக்க நல்ல சந்தர்ப்பம், விட்டுவிட்டார்கள். போன வாரம்கூட ஒரு செஷன்ஸ் வழக்கில் 1989 தீர்ப்பைத்தான் நகல் எடுத்துக் கொடுத்தேன். எதிரி ஒரு பெண். வாதம் முடிந்து தீர்ப்புக்கு வைத்திருக்கிறார்கள்.